மைன்கிராஃப்டில் பயிர் வைக்கப் பயனுள்ள குறிப்புகள்

மே மாதத்தில், மாலை 6 மணிக்குப் பீச் ரோட்டில் வண்டிகளை நிறுத்தி நடப்பவர்களுக்கு வழி விடும் வரை, புதுச்சேரியில் பிள்ளைகளை வெளியே அனுப்ப மனசு வராது. லாஸ்பேட்டை ஃபிளாட்டோ முத்தியால்பேட்டை ஓட்டு வீடோ, மத்தியானம் கூடத்தில் ஒரு போன், அதில் மைன்கிராஃப்ட். ஸ்வீடனில் உருவாகி 2011-இல் முழுப் பதிப்பாக வெளிவந்த விளையாட்டு இது. 2014-இல் மைக்ரோசாஃப்ட் 250 கோடி டாலர் கொடுத்து வாங்கியது. 2023-இல் 30 கோடி பிரதிகள் விற்றுவிட்டதாக அறிவித்தார்கள். வீடு கட்டவும் பூதத்தோடு சண்டை போடவும் பிள்ளைகளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. சோத்துக்கு வழி பண்ணத்தான் தெரிவதில்லை. அவர்களுக்கும், பக்கத்தில் உட்கார்ந்து வேடிக்கை பார்க்கும் பெரியவர்களுக்கும் சில குறிப்புகள்.

1. விதைக்காக எங்கும் அலைய வேண்டாம். தரையில் அசைந்துகொண்டிருக்கும் புல்லை வெறுங்கையால் அடித்தாலே கோதுமை விதை விழும். எட்டுப் புல்லுக்கு ஒரு விதை என்பது சராசரிக் கணக்கு. முதல் நாள் பொழுது சாய்வதற்குள் பத்துப் பதினைந்து விதை சேர்த்துவிட்டால் போதும்.

2. கேரட்டும் உருளைக்கிழங்கும் புல்லில் கிடைக்காது. கிராமம் ஒன்று கண்ணில் பட்டால் முதலில் அதன் வயலைப் பாருங்கள். இரண்டே இரண்டு பிடுங்கி வந்தாலும் அதையே நட்டுப் பெருக்கிக்கொள்ளலாம். பீட்ரூட் விதையும் சில கிராம வயல்களில் உண்டு. பிடுங்கிய இடத்தில் ஒன்றைத் திரும்ப நட்டுவிட்டு வருவது மரியாதை. விளையாட்டு அதைக் கட்டாயப்படுத்தவில்லை, வீட்டில் கட்டாயப்படுத்தலாம்.

3. நெல் கிடையாது. பாகூர்க்காரர்கள் கோபித்துக்கொள்ளட்டும், வழியில்லை. ஊரில் கோதுமை விளையாமலே ரொட்டிக்குப் பேர் வாங்கியவர்கள் நாம். விளையாட்டில் கோதுமை விளைகிறது, அடுப்புத்தான் தேவையில்லை. மூன்று கோதுமையை வரிசையாக வைத்தால் ஒரு ரொட்டி.

4. தண்ணீர்க் கணக்குத்தான் எல்லாவற்றிலும் முக்கியம், இதைப் பிள்ளையோடு உட்கார்ந்து ஒருமுறை போட்டுப் பாருங்கள். 'ஹோ' என்ற பெயரில் இருக்கும் களைக்கொத்தால் மண்ணைக் கொத்தினால் அது விளைநிலமாகும். ஒரு கட்டம் தண்ணீர் இருந்தால், அதிலிருந்து எந்தப் பக்கமும் நாலு கட்டம் வரை, மூலைகள் உட்பட, நிலம் ஈரமாகும். ஆகவே பக்கத்துக்கு 9 கட்டமாகச் சதுரம் போட்டு, நட்ட நடுவில் ஒரு கட்டம் தோண்டித் தண்ணீர் ஊற்றுங்கள். 81 கட்டத்தில் தண்ணீருக்கு ஒன்று போக 80 செடி. ஈரம் ஏறியதும் மண்ணின் பழுப்பு நிறம் கருக்கும், அதுதான் அடையாளம். மூன்று இரும்புக் கட்டி இருந்தால் வாளி செய்யலாம். இரும்பு கிடைக்காத வரை ஆற்றங்கரையிலோ குளக்கரையிலோ வயலைப் போடுவதே புத்திசாலித்தனம். தென்பெண்ணைத் தண்ணீரைச் சொர்ணாவூர் அணையிலிருந்து பங்காரு வாய்க்கால் வழியாகப் பாகூர் ஏரிக்குக் கொண்டுவந்த ஊர்க்காரர்களுக்கு வாய்க்கால் வெட்டுவது புதிதா என்ன? விளையாட்டிலும் வெட்டலாம். ஆனால் சமதரையில் ஓடும் தண்ணீர் ஏழு கட்டத்தோடு நின்றுவிடும்.

5. இரண்டுக்கு இரண்டு கட்டம் குழி வெட்டி, எதிரெதிர் மூலைகளில் ஒவ்வொரு வாளி ஊற்றுங்கள். அப்புறம் எத்தனை வாளி மொண்டாலும் அந்தக் குழி வற்றாது. தெருக்குழாயில் தண்ணீர் வரும் நேரத்துக்காகக் காத்திருப்பவர்களுக்கு இது பொறாமை தரும் ஏற்பாடு.

6. தண்ணீர் இல்லாவிட்டால் நட்ட செடி செத்துவிடும் என்று பிள்ளைகள் பதறுவார்கள். சாகாது. காய்ந்த விளைநிலத்திலும் வளரும், மெதுவாக வளரும், அவ்வளவுதான். எதுவும் நடாமல் காயவிட்ட நிலம்தான் பழையபடி வெறும் மண்ணாகிவிடும்.

7. வெளிச்சத்தின் அளவு 9-க்குக் குறைந்தால் பயிர் வளராது. பந்தத்தின் வெளிச்சம் 14, கட்டத்துக்கு ஒன்றாகக் குறைந்துகொண்டே போகும். வயலைச் சுற்றி நாலைந்து பந்தம் நட்டால் இரவிலும் பயிர் வளரும். பூதங்களும் பக்கத்தில் முளைக்காது.

8. விளைநிலத்தில் நடக்கலாம், குதிக்கக் கூடாது. குதித்தால் அந்தக் கட்டம் மண்ணாகிப் பயிர் பிடுங்கிக்கொள்ளும். ஆடு மாடு வராமல் வேலி போடுங்கள். கேரட் போட்டிருந்தால் வேலி இன்னும் அவசியம், முயல் வந்து தின்றுவிடும்.

9. ஒரே பயிரை நிலம் முழுக்க நடுவதைவிட ஒரு வரிசை கோதுமை, ஒரு வரிசை கேரட் என்று மாற்றி மாற்றி நட்டால் சீக்கிரம் வளரும். ஒரே செடி நாலு பக்கமும் நெருக்கி நின்றால் வளர்ச்சி பாதியாகக் குறையும்படி கணக்கு வைத்திருக்கிறார்கள். ஊடுபயிர் போட்டுப் பழகியவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

10. பச்சையாக இருக்கும்போதே அறுப்பதுதான் பிள்ளைகள் வழக்கமாகச் செய்வது. கோதுமை முதலில் மண்ணோடு ஒட்டிய பச்சைக் குச்சிகளாக இருக்கும், உயரம் கூடும், கடைசியில் கதிரின் நுனி பழுப்பேறி மஞ்சளாகச் சாயும். அதுவரை கை வைக்கக் கூடாது. அதற்கு முன்னால் அறுத்தால் போட்ட ஒரு விதைதான் திரும்ப வரும், கோதுமை வராது. கேரட்டில் இலைக்கு அடியில் ஆரஞ்சு நிறத் தலை எட்டிப் பார்க்கும். உருளையில் இலைக்குக் கீழே கிழங்கின் பழுப்பு தெரியும்.

11. எது லாபம் என்று கேட்டால், என் ஓட்டு உருளைக்கிழங்குக்கு. ரொட்டி தீர்க்கிற அளவு பசியைச் சுட்ட உருளை ஒன்று தீர்த்துவிடும். ரொட்டிக்கு மூன்று கோதுமை வேண்டும், இதற்கு ஒரு கிழங்கும் கொஞ்சம் அடுப்புக் கரியும் போதும். அறுவடையில் எப்போதாவது பச்சை நிறத்தில் நச்சுக் கிழங்கு ஒன்று வரும். சாப்பிடவும் வேண்டாம், நடவும் முடியாது. மீந்ததைக் கிராமத்து விவசாயியிடம் விற்கலாம். 20 கோதுமை, 22 கேரட், 26 உருளை, இவற்றில் அவர் வாங்குவது எதுவோ அதற்கு ஒரு மரகதம் தருவார். பேரம் கிடையாது. பெரிய மார்க்கெட்டில் பேரம் பேசிப் பழகிய பாட்டிகளுக்கு இது பிடிக்காது.

12. கரும்புக்கு விளைநிலம் வேண்டாம், தண்ணீரை ஒட்டிய மணலோ மண்ணோ போதும். மூன்று கட்டம் உயரம் வளரும். அடிக்கட்டையை விட்டு மேலே உள்ள இரண்டை மட்டும் வெட்டினால் மறுபடி தழைக்கும். மண்ணாடிப்பட்டு, திருக்கனூர் பக்கம் மறுதாம்பு விடுகிற அதே வேலைதான். என்ன, அங்கே பத்துப் பன்னிரண்டு மாதம் காத்திருக்க வேண்டும்.

13. பூசணி, தர்பூசணிக்குக் கொடியை ஒட்டி ஒரு மண் கட்டத்தைக் காலியாக விடுங்கள். காய் அங்கேதான் உட்காரும். எல்லாக் கட்டத்திலும் விதையைப் போட்டுவிட்டு "காயே வரலை" என்று அழுவதில் பயனில்லை. கத்தரியால் பூசணியில் முகம் செதுக்கித் தலையில் மாட்டிக்கொண்டால், ஏறிட்டுப் பார்த்தாலே பாய்ந்து வரும் எண்டர்மேன் என்ற நெட்டைக் கறுப்புப் பூதம் சும்மா இருக்கும். வீட்டு வாசலில் திருஷ்டிப் பூசணி கட்டுகிற ஊரில் இதைப் பிள்ளைகள் உடனே புரிந்துகொள்வார்கள்.

14. உரம் வேண்டுமா? எலும்புக்கூட்டுப் பூதம் போடும் ஒரு எலும்பில் மூன்று எலும்புத்தூள் வரும். அதைத் தூவினால் பயிர் அப்போதே வளரும். சண்டை பிடிக்காத பிள்ளை, அரைப் பலகை ஏழு சேர்த்துக் கம்போஸ்ட் தொட்டி செய்து, மிஞ்சிய விதையைக் கொட்டி நிரப்பினால் அதிலும் எலும்புத்தூள் கிடைக்கும். போன் பதிப்பில் கரும்புக்கும் இந்தத் தூள் பலிக்கும். கம்ப்யூட்டரில் ஆடும் ஜாவா பதிப்பில் பலிக்காது.

15. இனி பெரியவர்களுக்கு. விளையாட்டில் ஒரு நாள் என்பது நம் கணக்கில் 20 நிமிடம். ஈரமும் வெளிச்சமும் சரியாக இருந்தால் நட்டதில் பாதி அரை மணி நேரத்தில் முற்றிவிடும். ஆகவே "இன்னும் அஞ்சு நிமிஷம்மா" என்பதற்குப் பதில் "ரெண்டு நாள் ஆடிட்டு வை" என்று சொல்லுங்கள். 40 நிமிடம். ஒரு அறுவடை முடிந்திருக்கும், மனத்தாங்கல் இல்லாமல் போன் கைக்கு வரும்.

16. "நான் இல்லன்னா பயிர் வாடிடும்" என்று சொன்னால் நம்பாதீர்கள். தனியாக ஆடும் உலகத்தை மூடிவிட்டால் அங்கே எதுவும் நகராது: பயிர் வளரவும் வளராது, வாடவும் வாடாது. உலகம் திறந்திருக்கும்போதும் ஆட்டக்காரர் வெகுதூரம் போய்விட்டால் வயல் அப்படியே நிற்கும். வேகமாக விளைய வேண்டுமென்றால் வயலுக்குப் பக்கத்தில் வீட்டைக் கட்டச் சொல்லுங்கள். படுக்கையில் படுத்து இரவைத் தாண்டினாலும் பயிர் அந்த நேரத்துக்கு வளர்ந்திருக்காது.

17. ஆறேழு வயதுப் பிள்ளை பூதத்தைப் பார்த்துப் பயந்தால் அமைப்பில் 'பீஸ்ஃபுல்' என்பதைத் தேர்ந்தெடுங்கள். தாக்க வரும் பூதங்கள் வராது, பசியும் குறையாது. விவசாயம் மட்டும் வழக்கம்போல நடக்கும்.

18. திரையை மூடியபின் கை சும்மா இருக்காது. மார்க்கெட்டில் வாங்கிய புதினாக் கட்டில் இலையை ஆய்ந்துகொண்டு, தடித்த தண்டுகளைப் பிள்ளையிடமே கொடுங்கள். டம்ளர் தண்ணீரில் நிறுத்தி வேர் விட்டதும் தொட்டியில் நடட்டும். பொன்னாங்கண்ணித் தண்டும் இப்படியே பிழைக்கும். மொட்டைமாடி வெயிலில் வைக்காமல் பாதி நிழலில் வையுங்கள். இங்கே ஒருநாள் தண்ணீர் ஊற்ற மறந்தால் நிஜமாகவே வாடும் என்பதை முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

19. போன் பதிப்பில் ஒரு கடை உண்டு. அங்கே 'மைன்காயின்' என்ற காசை நிஜப் பணம் கொடுத்து வாங்கி அலங்கார உடை, புது உலகம் எல்லாம் வாங்கலாம். மேலே சொன்ன விதை, தண்ணீர், உரம் எதற்கும் ஒரு ரூபாய்கூடத் தேவையில்லை. பிளே ஸ்டோரில் ஒவ்வொரு வாங்கலுக்கும் பாஸ்வேர்டு கேட்கும்படி வைத்துவிட்டு, அப்புறம் போனைப் பிள்ளையிடம் கொடுங்கள்.