மூன்று ஜப்பானியப் பாட்டுக்கள்

ஜப்பானிய மொழியறியாதார் அந்நாட்டு மெல்லிசைப் பாட்டுக்களைக் கேட்கப் புகுங்கால் எதனை முதற்கண் கேட்டல் வேண்டும் என மாணவ நண்பர் சிலர் வினவினர். 'அனிமே' என்னும் ஓவியப் படங்களின் வாயிலாக வரும் ஆரவாரமிக்க பாட்டுக்களையே பலரும் எடுத்துக்காட்டுவர். அவை செவிக்கினியவே, ஆயினும் நெஞ்சுருகக் கேட்க விழைவார்க்கு வேறு மூன்றனைக் கூறுவேன். துயரின் காரணத்தை வெளிப்படக் கூறாமையே இம்மூன்றற்கும் பொதுவியல்பு. சங்கீதக்காரனின் வெளிப்படையான கதறலிற் பழகிய செவிக்கு இது முதலிற் புதுமையாகத் தோன்றும்.

முதலாவது, சாகாமோட்டோ கியூ 1961-இல் பாடிய 'ஊஎ ஓ முயிதே அருகோ'. 'மேல்நோக்கி நடப்போம்' என்பது அதன் பொருள். அமெரிக்காவுடன் ஜப்பானிய அரசு 1960-இற் செய்துகொண்ட பாதுகாப்பு உடன்படிக்கையை எதிர்த்துத் தெருவில் இறங்கினாருள் எய் ரொகுசுகே என்பாரும் ஒருவர். அக்கிளர்ச்சி பயனின்றி முடிந்த மனச்சோர்வே அவர் இயற்றிய இப்பாட்டிற்கு வித்தாயிற்று. எனினும் அரசியற்சொல் ஒன்றேனும் இதன்கண் இல்லை. ஆதலின் காதலியைப் பிரிந்தானும் ஊரைப் பிரிந்தானும் தத்தம் துயரையே இதிற் காண்கின்றனர். நாகாமுரா ஹாச்சிதாய் அமைத்த மெட்டோ, மாலையில் உலவுவான் நடைபோல் எளிதாக இயங்குகின்றது. ஓரிடத்திற் சொல் நின்றுபோய்ச் சீழ்க்கையொலி மட்டும் எழும். அழுகையை அடக்குவானுக்குச் சொல் எழாமை இயல்பன்றோ? அவ்விடத்தைக் கூர்ந்து கேட்க. 1963-இல் இஃது அமெரிக்காவில் மூன்று வாரம் முதலிடம் பெற்றது. ஆங்கு இதற்கு வழங்கிய பெயரோ 'சுகியாகி'. அஃது ஒரு மாட்டிறைச்சியுணவின் பெயராம்! பெயரிட்ட வணிகரின் சுவையுணர்வை என்னென்பது! சாகாமோட்டோ 1985 ஆகஸ்டு 12-ஆம் நாள் நேர்ந்த வானூர்தி விபத்தில் இறந்த 520 பேருள் ஒருவராயினார். அப்பொழுது அவர்க்கு அகவை 43.

இரண்டாவது, 'நாதா சோசோ'. ஒகினாவாத் தீவினர் மொழியிற் கண்ணீர் பெருகி வழிதலை இது குறிக்கும். 'பிகின்' என்னும் இசைக்குழுவினரிடம் மெட்டினையும் தலைப்பினையும் பெற்ற மோரியாமா ரியோகோ என்னும் பாடகியார், இளமையில் இறந்த தம் தமையனை நினைந்து சொற்களை யாத்தனர். நம் புலவர் கையறுநிலையில் இறந்தானுடைய பெயரையும் கொடையையும் எடுத்தோதுவர். இங்கோ ஒரு பழைய படத்தொகுதியும் நன்றி கூறும் ஒரு குரலுமே உள; தமையன் என்னும் சொல்தானும் இல்லை. நாட்சுகாவா ரிமி 2001-இல் வெளியிட்ட இசைத்தட்டில் இதனைக் கேட்டல் நன்று.

மூன்றாவது, உதாதா ஹிகாரு 2016-இல் வெளியிட்ட 'ஹனதபா ஓ கிமி நி'. 'உனக்கு ஒரு பூங்கொத்து' என்க. காலைதோறும் ஒளிபரப்பாகிய தொலைக்காட்சித் தொடர்நாடகமொன்றற்கு இது முகப்புப் பாட்டாயிருந்தது. யானும் முதலில் இதனை மணப்பெண்ணை வாழ்த்தும் பாட்டென்றே கருதினேன். உதாதாவின் தாயாரும் புகழ்பெற்ற பாடகியாருமாகிய புஜி கேய்கோ 2013-இல் மறைந்தனர் என்பதையும், அவரை நினைந்தே இஃது எழுந்தது என்பதையும் பின்னரே அறிந்தேன். மீண்டும் கேட்டபொழுது, ஒப்பனை பற்றிய சிறு குறிப்பொன்று, இறந்தார் முகத்திற்குச் செய்யும் ஒப்பனையெனப் புலனாயிற்று. சாவு என்னும் சொல் பாட்டில் யாண்டும் இல்லை. அன்றிரவு யான் பாடநூலைத் திறந்திலேன். பிறர்க்கு இதனைக் கேட்பிப்பார் இவ்வரலாற்றை முன்னரே கூறாதொழிக.