திரைக்குப் பின்னால் ஒரு கை

ஆவணப்படத்தைப் பார்ப்பவர்கள் அதன் படத்தொகுப்பாளரைப் பெரும்பாலும் காண்பதில்லை. 1900ஆம் ஆண்டு மாஸ்கோவில் பிறந்த எலிசவேத்தா ஸ்விலோவா இதற்கு விதிவிலக்கு. சிறுவயதிலேயே படச்சுருள்களைத் துடைத்து வகைப்படுத்தும் வேலையில் சேர்ந்த அவர், பின்னர்ச் சிறந்த படத்தொகுப்பாளராக உயர்ந்தார். அவருடைய கணவர் சீகா வெர்த்தோவ் இயக்கிய ‘படக்கருவியுடன் ஒரு மனிதன்’ 1929ஆம் ஆண்டு வெளிவந்தது. நடிகர்கள் இல்லாத அப்படத்தில், ஸ்விலோவா படச்சுருளை வெட்டி ஒட்டும் காட்சியும் உண்டு. அசையாத குழந்தை முகங்கள் அவர் கைபட்டபின் திரையில் உயிர்பெறுகின்றன.

ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் படமாக்கப்பட்ட காட்சிகளை அவர் 1945ஆம் ஆண்டு ஆவணப்படமாகத் தொகுத்தார். அங்கு நடந்த கொடுமைகளுக்கு அக்காட்சிகள் இன்றும் சான்றாக விளங்குகின்றன.

எதை நீக்குவது, எதைக் காப்பது என முடிவெடுப்பது படத்தொகுப்பாளரின் பொறுப்பு. அதில் தவறினால் உண்மையே திரிந்துவிடும்.