குறை எண்ணின் வர்க்கமூலம்

கோடைக்கானலுக்குச் செல்வோர் காண விழையும் காட்சிகளுள் தூண் பாறைகளும் ஒன்று. பழநி மலைச் சரிவிலே மூன்று பாறைகள் தோளோடு தோள் சேர்ந்து ஏறத்தாழ 400 அடி உயரம் நிமிர்ந்து நிற்கின்றன. மூடுபனி விலகிய பொழுதில் அவற்றை நோக்குவார்க்கு, அடியில் நின்று ஒரு கல்லை மேலே எறிந்தால் அஃது உச்சியை எட்டுமோ என்னும் வினா எழுதல் இயல்பே. இச்சிறு வினாவைக் கொண்டே, மாணவர் பலர் அஞ்சி ஒதுக்கும் ஒரு கணிதப் பகுதியை ஈண்டு விளக்கப் புகுகின்றோம்.

கல்லை நொடிக்கு 96 அடி வேகத்தில் நேர் மேலே எறிவதாகக் கொள்வோம். காற்றின் தடையைக் கருதாது விடுவோம். 'ந' நொடிகள் கழிந்தபின் கல்லின் உயரம் 96ந − 16ந² அடியாகும். இவ்வுயரம் 400 அடியாகும் காலம் யாது? 96ந − 16ந² = 400 என எழுதிப் பதினாறால் வகுத்து ஒருபுறம் சேர்த்தால், ந² − 6ந + 25 = 0 எனப் பெறுவோம். இதனை (ந − 3)² = −16 எனவும் எழுதலாம். ஆகவே, ந = 3 ± √(−16).

ஈண்டுத் திகைப்பு உண்டாகின்றது. 4 × 4 = 16; (−4) × (−4) என்பதும் 16 தான். தன்னைத் தானே பெருக்கி −16 தரும் எண் யாது? ஒன்பதாம் நூற்றாண்டில் 'கணித சார சங்கிரகம்' இயற்றிய சமணப் பெரியார் மகாவீரர், குறை எண் தன் இயல்பினால் வர்க்கம் ஆகாது, ஆதலின் அதற்கு வர்க்கமூலமும் இல்லை என முடிபு கூறினார். அந்நூலை 1912இல் ரங்காசாரியார் ஆங்கில மொழிபெயர்ப்புடன் சென்னையில் வெளியிட்டார். யாவரும் வழங்கும் எண்களின் எல்லைக்குள் மகாவீரர் கூற்று முற்றும் உண்மையே. எனினும், 1572இல் இத்தாலியராகிய பொம்பெல்லி அவ்வெல்லைக்கு அப்பாலும் கணக்கிடற்குரிய விதிகளை வகுத்தார். −1 என்பதன் வர்க்கமூலத்தைப் புதியதோர் அலகாகக் கொள்வதே இம்முறையின் சாரம். 1777இல் ஆய்லர் அதனை 'இ' என்னும் எழுத்தாற் குறித்தார். எனவே, இ² = −1.

சுருக்கும் முறை எளிது. மூலக்குறியின் உள்ளே நிற்கும் குறைக்குறியை முதற்கண் 'இ' ஆக்கி வெளியே கொணர்க. பின்னர் எஞ்சிய எண்ணைச் சுருக்குக. √(−16) = 4இ. √(−50) = 5√2 இ. மூலக்குறிக்கு வெளியே நிற்கும் குறைக்குறியோ வேறு: −√16 = −4; −√(−16) = −4இ. இனி, √((−4)²) என்பதில் வர்க்கம் முன்னரே நிகழ்ந்து உள்ளே 16 நிற்பதால் விடை 4. இவை கண்ணுக்கு ஒத்தன போலத் தோன்றினும் தம்முள் வேறானவை.

பள்ளியிற் பயின்ற காலத்தில் √(−4) × √(−9) என்பதற்கு √36, அதாவது 6, என விடையெழுதி யாம் மதிப்பெண் இழந்தோம். கணிதம் எமக்கு உரியதன்று எனவும் சோர்ந்தோம். உண்மையில் 2இ × 3இ = 6இ² = −6. இரு மூலங்களை ஒரு மூலமாக இணைக்கும் விதி, உள்ளே நிற்கும் இரண்டும் குறை எண்களாயவிடத்துச் செல்லாது. இவ்வரம்பை அறியாமையே பிழைக்குக் காரணம்.

தமிழ் பயில்வார்க்கு இது புதிதன்று. காடு + அழகு = காடழகு; பசு + அழகு = பசுவழகு. இரண்டிற்கும் ஈறு உகரமே. முன்னது குற்றியலுகரமாதலின் கெட்டது. பின்னது முற்றியலுகரமாதலின் வகர உடம்படுமெய் பெற்றது. ஈற்றின் இயல்பறியாது விதியைச் செலுத்துவார் இலக்கணத்திலும் இடறுவர், கணிதத்திலும் இடறுவர்.

இனி, தூண் பாறைக்கு மீள்வோம். 3 ± 4இ என்னும் விடை பொருளற்றதோ? அன்று. எந்நொடியிலும் கல் உச்சியை எட்டாது என்பதே அதன் முதற்பொருள். மூன்றாம் நொடியில் கல் தன் மேலெல்லையை அடையும். அவ்வுயரம் 144 அடி. உச்சிக்குக் குறைவது 256 அடி. அது 16 × 4² ஆகும். விடையிலுள்ள மூன்று ஏற்றம் முடியும் காலத்தைக் கூறிற்று. 'இ'யோடு நின்ற நான்கு குறைபாட்டின் அளவைக் கூறிற்று. வேகத்தை 160 அடியாக உயர்த்தினால், (ந − 5)² = 0 எனவாகும். மூலத்தின் உள்ளே சுழியம் நிற்க, ஐந்தாம் நொடியிற் கல் உச்சியைத் தொடும்.

சிறியதில் உண்மையாயிருத்தல் நம் மறை கற்பிக்கும் நெறி. ஒரு சிறு கோட்டை உள்ளே கண்டோமா, வெளியே கண்டோமா என ஆய்ந்து எழுதுதலும் அந்நெறியின் ஒரு பயிற்சியே. கணிதத்தை அஞ்சி விலகிய நண்பர்கள் மீண்டும் ஒருமுறை ஏட்டைத் திறப்பாராக. தம்மைத் தடுத்தது மலையன்று, ஒரு கோடே எனக் காண்பர்.