சுகாதாரப் பாடம்: தேசிக்காய் – மிஞ்சி ஐஸ்பழம்



மட்டக்களப்பு வாவிப் பக்கம் ஆனி, ஆடி மாதங்களில் கச்சான் காற்று வீசும்போது அனல் அடிக்கும். விடுமுறைக்கு அங்குள்ள உறவினர் வீட்டுக்குப் போகும் நம் பிள்ளைகள் முதலில் கேட்பது ஐஸ்பழம்தான். அதை வீட்டிலேயே செய்யலாம், பிரிட்ஜ்கூட வேண்டாம்.

கல்லடி, நாவற்குடா, காத்தான்குடி எல்லாம் கடலுக்கும் வாவிக்கும் நடுவில் உள்ள மணல் நிலம். கிணறுகள் ஆழமில்லை. மலசலகூடக் குழி பக்கத்தில் இருந்தால் கிருமி கிணற்றுக்குள் ஊறிவிடும். நம் பீலித் தண்ணியும் அப்படித்தான், மேலே அசுத்தம் சேர்ந்தால் கீழே வரும். "ஐஸ் ஆனால் கிருமி செத்துப்போகும்" என்று சிலர் சொல்வது தவறு. குளிரில் கிருமி தூங்கும், சாகாது. நெருப்புக் காய்ச்சல், செங்கமாரி, வயிற்றோட்டம் எல்லாம் இப்படியும் வரும்.

தேவையானவை: தண்ணீர் 1 லீற்றர், சீனி 200 கிராம், தேசிக்காய் 5, மிஞ்சி அல்லது துளசி இலை ஒரு கைப்பிடி.

செய்முறை:

1. தண்ணீரை நன்றாகக் கொதிக்க வையுங்கள். தளதளவென்று கொதித்தபின் மூன்று நிமிடம் விடுங்கள். சீனியைக் கரைத்து இறக்குங்கள்.

2. கழுவிய இலையைப் போட்டு 10 நிமிடம் மூடி வைத்து வடியுங்கள்.

3. நன்கு ஆறியபின் தேசிக்காய்ச் சாறு விடுங்கள். சூட்டில் விட்டால் கசக்கும், விற்றமின் சி-யும் குறையும்.

4. மூடியுள்ள எவர்சில்வர் பாத்திரத்தில் ஊற்றுங்கள். புளிப்பு அரிக்கும் என்பதால் அலுமினியம் வேண்டாம்.

5. வாளியில் உடைத்த ஐஸ் மூன்று பங்கு, உப்பு ஒரு பங்கு போட்டு, பாத்திரத்தை நடுவில் வைத்துச் சுழற்றுங்கள். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை மூடியைத் துடைத்துத் திறந்து, ஓரத்தில் உறைந்ததைச் சுரண்டிக் கலக்குங்கள். முக்கால் மணி நேரம்வரை ஆகலாம்.

உப்பு எதற்கு? வெறும் ஐஸின் குளிர் 0 பாகை. சீனித் தண்ணீர் உறைய அது போதாது. உப்புச் சேர்ந்தால் ஐஸ் வேகமாக உருகி, பாத்திரத்தின் சூட்டை இழுத்து, 0 பாகைக்கும் கீழே போகும். வெறுங்கையை அதற்குள் விடாதீர்கள்.

கவனம்: மீன் வாடியில் வாங்கும் ஐஸ் மீனுக்குரியது. வாளிக்குப் போடலாம், வாய்க்குப் போடக்கூடாது. வயிற்றோட்டம் உள்ள பிள்ளைக்கு ஐஸ்பழம் கொடுக்காமல், ஜீவனி கரைத்துக் கொடுங்கள்.

பிள்ளைகளிடம் கேளுங்கள்: ஐஸ் ஆனால் கிருமி சாகுமா? தண்ணியை ஏன் முதலில் கொதிக்க வைக்கிறோம்?