உலாவியின் உள்ளே இருக்கும் பொறி

இணையத்தில் உலா வர எதைப் பயன்படுத்துகிறீர்கள் என்று நண்பர்களைக் கேட்டால் குரோம், எட்ஜ், ஓபரா, சஃபாரி, ஃபயர்ஃபாக்ஸ் எனப் பல பெயர்கள் வரும். பெயர் ஐந்தானாலும், கணினியில் இவற்றை இயக்கும் பொறிகள் மூன்றே.

பொறி என்றால் என்ன?

முகவரிப் பட்டையும் பொத்தான்களும் உலாவியின் வெளித்தோற்றம் மட்டுமே. இணையப் பக்கத்தின் நிரலைப் படித்து, ஒவ்வோர் எழுத்தும் படமும் எங்கே, எந்த அளவில் அமைய வேண்டும் எனக் கணக்கிட்டு, திரையில் வரைவதே உலாவிப் பொறியின் வேலை.

ஒரு பொறி, பல வாரிசுகள்

1998இல் கேடிஈ என்னும் தன்னார்வலர் குழுவினர் கேஎச்டிஎம்எல் என்ற பொறியை உருவாக்கினர். அதைத் தழுவி ஆப்பிள் நிறுவனம் 2003இல் சஃபாரியை அறிமுகப்படுத்தியது. அப்பொறி வெப்கிட் எனப் பெயர் பெற்றது. 2008இல் வெளிவந்த குரோமும் வெப்கிட்டையே பயன்படுத்தியது. 2013இல் கூகள் அதிலிருந்து பிளிங்க் என்னும் கிளையைப் பிரித்தது. அதே ஆண்டு ஓபரா தன் சொந்தப் பொறியைக் கைவிட்டு இப்பக்கம் வந்தது. 2020இல் எட்ஜும் வந்து சேர்ந்தது. விஷுவல் ஸ்டூடியோ கோட், டிஸ்கார்ட் போன்ற கணினி மென்பொருள்களுக்குள்ளும் எலக்ட்ரான் வழியாக இயங்குவது பிளிங்க்தான். இக்குடும்பத்தைச் சேராமல் நிற்பது ஃபயர்ஃபாக்ஸின் கெக்கோ.

தமிழுக்கு என்ன தொடர்பு?

'கொ' என்னும் எழுத்தை எடுத்துக்கொள்வோம். ஒருங்குறியில் ககரம் முதலிலும் உயிர்க்குறி அடுத்தும் சேமிக்கப்படுகின்றன. திரையிலோ அக்குறி இரண்டாகப் பிரிந்து ககரத்தின் இருபுறமும் நிற்க வேண்டும். இந்த இடமாற்றத்தைப் பொறி சரியாகச் செய்யாவிட்டால் கொம்பும் காலும் சிதறிவிடும். குரோமும் ஃபயர்ஃபாக்ஸும் இன்று இப்பணிக்கு ஹார்ஃப்பஸ் என்னும் திறந்த மூல நிரலைப் பயன்படுத்துகின்றன.

ஒன்றே போதுமா?

ஒரே பொறி எங்கும் இருந்தால் வசதிதானே என்று தோன்றலாம். 2001இல் வெளியான இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 6 போட்டியின்றி ஆட்சி செய்தபோது, அடுத்த பதிப்புக்கு உலகம் 2006 வரை காத்திருக்க நேர்ந்தது. இணையத்தளங்களும் அந்த ஓர் உலாவிக்கெனவே அமைக்கப்பட்டன. அதன் பிழையே பலருக்கு விதியாயிற்று. 2004இல் ஃபயர்ஃபாக்ஸ் வந்த பிறகே அந்நிலை மாறத் தொடங்கியது. மாற்றுப் பொறி இல்லாவிடில் பிழையைப் பிழையென்று காட்டக்கூட ஒப்பீடு இராது.

ஆகவே, தமிழில் இணையப் பக்கம் அமைக்கும் மாணவர்கள் அதை மூன்று பொறிகளிலும் திறந்து பார்ப்பது நலம். எழுத்து எங்கேனும் உடைந்தால் பிழையறிக்கை அனுப்பலாம். மூன்றும் திறந்த மூலத் திட்டங்களே. தன்னார்வலர் சிலர் எழுதிய நிரல் இன்று உலகெங்கும் இயங்குகிறது. நம் மொழி திரையில் செம்மையாகத் தோன்ற நாமும் நம் பங்கை ஆற்றுவோம்.