பூ மலரும் நேரம்

இரவு மொட்டாக இருந்த எங்கள் முற்றத்துச் செம்பருத்தி விடிந்ததும் பூவாக நிற்கிறது. அது மலர்வதை நான் கண்டதில்லை. திரைப்படம் அதைக் காட்டித்தந்தது.

10 நிமிடத்துக்கு ஒன்றாக 8 மணி நேரத்தில் 48 படங்கள் எடுத்து, நொடிக்கு 16 வீதம் ஓட்டினால், 3 நொடியில் பூ மலர்ந்துவிடும். 1910இல் இங்கிலாந்தின் பெர்சி ஸ்மித் ‘ஒரு பூவின் பிறப்பு’ என்னும் குறும்படத்தை இம்முறையில் எடுத்தார்.

காப்பீட்டுப் பத்திரத்தை அடகு வைத்து லண்டன் சென்று, காமிரா வாங்கிப் பம்பாய் திரும்பிய தாதாசாகிப் பால்கேக்குப் படமெடுக்க முதல் இல்லை. 1912இல் இதே உத்தியால் பட்டாணி விதை முளைத்துச் செடியாவதைப் படமாக்கிக் காட்டினார், கடன் கிடைத்தது. 1913இல் ‘ராஜா ஹரிச்சந்திரா’ வெளிவந்தது.

இன்று அந்தமானில் நம் பிள்ளைகள் கையிலும் காமிரா உண்டு. முற்றத்தில் மொட்டும் உண்டு. காத்திருக்கப் பழக்குவோம்.