பேர் தெரியாத பாட்டி

அன்புள்ள கயலுக்கு,

திண்டிவனத்திலிருந்து நீ போட்ட கடிதம் வந்தது. நடிக்கப் போகிறேன் என்கிறாய், போ. கதாநாயகி ஆகிவிடுவேனா பெரியப்பா என்று கேட்டிருக்கிறாயே, அதற்கு என்னிடம் பதில் இல்லை. அதைவிட உனக்கு உபயோகப்படுகிற ஒருவரைப் பற்றிச் சொல்கிறேன்.

'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் கண்ணில் பட்டதையெல்லாம் மடியில் கட்டிக்கொள்ளும் திருட்டுப் பாட்டி ஞாபகம் இருக்கிறதா? முகம் உடனே வரும், பேர் வராது. எஸ்.என்.லட்சுமி. விருதுநகர்ப் பக்கத்துக்காரர். சிறுமியாக வீட்டைவிட்டு வந்து நாடகத்தில் சேர்ந்தவர். சக்தி கிருஷ்ணசாமியின் சக்தி நாடக சபாவில் நடித்தார். விழுப்புரத்தில் பிறந்த நம் சிவாஜியும் அதே சபாவில் நடித்தவர்தான். அவருக்கு 1952-இல் 'பராசக்தி' வாய்த்தது. லட்சுமிக்கு அப்படி ஒரு படம் கடைசிவரை வாய்க்கவில்லை. 'சந்திரலேகா'வின் முரசு நடனத்தில் கூட்டத்தில் ஒருத்தியாகத் தொடங்கினார். 1964-இல் 'சர்வர் சுந்தரம்' வந்தபோது நாகேஷுக்கு அம்மா. வயதைப் பார்த்தால் இருவரும் ஏறக்குறைய ஒரே தலைமுறை! அதற்குப் பிறகு அம்மா, மாமியார், பாட்டி. சினிமா பெண்களுக்குச் சீக்கிரமே நரை பூசிவிடும். அந்த அநியாயம் இன்றைக்கும் தீர்ந்தபாடில்லை.

நீ கவனிக்க வேண்டியது வேறு. திருட்டுப் பாட்டி பேசுவது அக்கிரகாரத்துப் பேச்சு. 'விருமாண்டி'யில் கமலுக்குப் பாட்டியாக வருகிறாரே, அங்கே பேசுவது மதுரைச் சீமைப் பேச்சு. இரண்டு படத்தையும் அடுத்தடுத்துப் போட்டுப் பார். சொல் மட்டுமா மாறுகிறது? மூச்சு விடுகிற இடம், தலையை ஆட்டுகிற விதம் எல்லாமே மாறும். படத்தில் ஐந்து நிமிஷம் வருகிறவருக்கு, 'நான் யார்' என்று விளக்கிச் சொல்ல ஒரு காட்சி தரமாட்டார்கள். வாயைத் திறந்ததுமே ஊரும் குலமும் வயசும் தெரிந்தாக வேண்டும். இந்தக் காது அவருக்கு மேடையில் வந்தது என்றே நினைக்கிறேன். எதிரே இருக்கிற சனம் சிரிக்கிறதா, கொட்டாவி விடுகிறதா என்பது அங்கே உடனுக்குடன் தெரிந்துவிடும். 2012-இல் சாகும்வரை தொலைக்காட்சித் தொடர் உட்பட அவருக்கு வேலை இருந்துகொண்டே இருந்தது.

பணம் கட்டிப் படிக்கிற நடிப்புப் பள்ளிக்கு அவசரப்படாதே. அதற்கு முன்னால் விழுப்புரம் ஜங்ஷனுக்கு வா. திருச்சி, மாயவரம், காட்பாடி, புதுச்சேரி, சென்னை என்று ஐந்து பக்கத்து வண்டியும் இங்கே வந்து சேருகிறது. நடைமேடையில் உட்கார்ந்து காது கொடு. திருவண்ணாமலைப் பக்கத்து அம்மா பிள்ளையை அதட்டுவதும் கும்பகோணத்து அம்மா அதட்டுவதும் ஒன்றில்லை. வீட்டுக்குப் போய் இரண்டையும் சொல்லிப் பார். உன் தம்பி சிரித்தால் இன்னும் வரவில்லை என்று அர்த்தம்.

சித்திரை, வைகாசியில் செஞ்சிப் பக்கம் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து நடக்கும். பாஞ்சாலி வேஷம் பெரும்பாலும் ஆண்கள்தான் கட்டுகிறார்கள். மீசையை மழித்துவிட்டு வரும் ஆள், விடியவிடியப் பெண்ணாக நிற்பதற்கு இடுப்பையும் தோளையும் என்ன செய்கிறார் என்று பார். முடிந்தால் திரைக்குப் பின்னால் போய் வேஷம் கட்டும்போதே பார், கேட்டால் விடுவார்கள். எந்த ஊரில் எந்தத் தேதி என்று நான் விசாரித்து எழுதுகிறேன். துணைக்கு உன் அப்பாவையும் கூட்டிக்கொண்டு வா, அவனும் பார்க்கட்டும்.

உன் பெரியப்பா,
விழுப்புரம்